டி.ராஜேந்தர் நிஜமாவே பெரிய ஆளா? மாயவரத்துக்காரன் பதில்

காலேஜ் படிக்கற தம்பி ஒருத்தர் கேட்டிருக்காரு: "டி.ஆர்.னாலே எங்களுக்கு மீம்ஸும் அந்த ரைமிங் டயலாக்கும்தான் ஞாபகம் வருது. எங்க அப்பா என்னடான்னா அவரு பெரிய டைரக்டர்ங்கறாரு. கதை, வசனம், பாட்டு, இசை, நடிப்பு, டைரக்‌ஷன் எல்லாம் ஒரே ஆளு பண்ணதுல நிஜமாவே ஏதாவது விஷயம் இருக்கா, இல்ல சும்மா பில்டப்பா? பாக்கறதுன்னா எந்தப் படத்துல ஆரம்பிக்கலாம்?"

உங்க அப்பா சொல்றது சரிதான் தம்பி. பெரிய ஆளுதான். ஆனா டைரக்டர்ங்கறதை ரெண்டாவது இடத்துல வைங்க, நடிகர்ங்கறதை மூணாவது இடத்துக்குத் தள்ளுங்க, முதல் இடத்துல பாட்டுக்காரர்னு எழுதுங்க. மத்த வேலை எல்லாத்தையும் அந்தப் பாட்டுக்காரர் மூளையை வெச்சுதான் செஞ்சாரு, அவர் ஜெயிச்சதும் அதாலதான், பின்னாடி சறுக்கினதும் அதாலதான்னு நான் நினைக்கறேன். கொஞ்சம் நீளமா சொல்றேன், பொறுமையா படிங்க.

முதல்ல ஊரு. ராஜேந்தர் எங்க மாயவரத்து ஆளு. 1982க்கு அப்பறம் மயிலாடுதுறைன்னு பேர் மாறிடுச்சு, 2020ல தனி மாவட்டமே ஆயிடுச்சு, ஆனா பஸ் கண்டக்டர் இன்னிக்கும் மாயரம் மாயரம்னுதான் கத்துறாரு. அப்ப மாயவரத்துலேருந்து தரங்கம்பாடிக்கு மீட்டர் கேஜ்ல ஒரு ரயில் ஓடும். ஊருக்கு வெளில மன்னம்பந்தல்ல ஏ.வி.சி. காலேஜ், அங்க ஒரு ஸ்டேஷன். பையனும் பொண்ணும் பஸ்ல வந்தா முன்னாடி பின்னாடின்னு தனித்தனியா உக்காந்து வந்து இறங்கிப் போயிடுவாங்க, ரயில்ல அப்படி இல்ல, அது பாட்டுக்கு ஆடி ஆடி வயலுக்கு நடுவுல போவும், யாரு எந்தப் பெட்டில ஏறுறா, எந்த ஜன்னல்ல உக்காருறான்னு பாத்துக்கிட்டே வரலாம், ஒரு வார்த்தை பேச வேண்டாம். இந்தப் பொழப்பைத்தான் அவரு படமா எழுதினாரு. 1980ல வந்த 'ஒரு தலை ராகம்'. அந்தக் காலேஜ்லயும் அந்த ரயில்லயும்தான் ஷூட்டிங். லைனை 80களோட பின்பாதில மூடிட்டாங்க, தண்டவாளத்தையும் எடுத்துட்டாங்க, திரும்ப விடுங்கன்னு ஊர்க்காரங்க இன்னும் மனு குடுத்துக்கிட்டுதான் இருக்காங்க. அந்த ரயில் எப்படி இருந்துச்சுன்னு பாக்கணும்னா இந்தப் படத்தைத்தான் போட்டுப் பாக்கணும்.

அந்தப் படத்துல டைரக்‌ஷன்னு டைட்டில்ல வந்த பேரு தயாரிப்பாளர் இ.எம்.இப்ராஹிமோடது. கதை, வசனம், பாட்டு, மெட்டு எல்லாம் ராஜேந்தர், பின்னணி இசை ஏ.ஏ.ராஜ். சங்கர், ரூபா, சந்திரசேகர், ரவீந்திரன், தியாகுன்னு முக்கால்வாசி பேரும் அப்ப யாருக்கும் தெரியாத முகங்க. பெரிய ஹீரோ கிடையாது, ஃபைட் கிடையாது, ஹீரோவும் ஹீரோயினும் படம் பூரா மனசு விட்டுப் பேசவே மாட்டாங்க. கடைசில அவ மனசைத் திறந்து சொல்ல வர்றப்ப ரயில்ல உக்காந்திருக்கறவன் உயிரோட இல்ல. இந்தக் கதையை இன்னிக்கு ஒரு ஆபீஸ்ல போய் சொல்லுங்க, ரெண்டாவது நிமிஷமே "சரி தம்பி, அப்பறம் கூப்புடறோம்"னு அனுப்பிடுவாங்க. அந்தப் படம்தான் மாசக்கணக்குல ஓடுச்சு.

எப்படி ஓடுச்சு? பாட்டு. சும்மா "பாட்டு ஹிட்டு"ன்னு சொல்லிட்டுப் போற விஷயம் இல்ல இது, ஒண்ணு கவனிங்க. ஒரு பொண்ணு தன் காதலை வாய் திறந்து சொல்ல முடியாம தவிக்கறதுதான் கதை. அந்தப் படத்துல பெண் குரல்ல ஒரு பாட்டு கூட கிடையாது. எஸ்.பி.பி., ஜெயச்சந்திரன், டி.எம்.எஸ்., மலேசியா வாசுதேவன், எல்லாமே ஆம்பளைக் குரல். அவனுங்க பாடிக்கிட்டே இருக்கானுங்க, அவ பேசாம போயிக்கிட்டே இருக்கா. தெரிஞ்சு செஞ்சாரா, அப்படி அமைஞ்சுதா, அது எப்படியோ இருக்கட்டும், கதை சொல்ல வேண்டியதைப் பாட்டு வரிசையே சொல்லிடுது. டூயட்டுங்கறதே தமிழ் சினிமாவுக்கு சோறு மாதிரி இருந்த காலம் அது.

அதுலயே 'இது குழந்தை பாடும் தாலாட்டு' பாட்டைத் தனியா எடுத்துக் கேளுங்க. பூரா தலைகீழ் விஷயமா அடுக்கிக்கிட்டே போவாரு. ராத்திரில பூபாளம், மேக்குல உதயம், ஆறு இல்லாம ஓடம். பூபாளம் விடிகாலை ராகம், அதை ராத்திரில பாடுனா என்ன அர்த்தம்னு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்ல, தஞ்சாவூர் பக்கம் கோயில் வாசல்ல காலைல நாயனம் கேட்டு எந்திரிச்சவனுக்கு சட்டுனு உறைக்கும். ஆறு இல்லாத ஓடமும் அப்படித்தான், மேட்டூர் அணையை வழக்கமா திறக்கறது ஜூன் 12, அதுக்கு முன்னாடி சித்திரை வைகாசில காவிரிப் பக்கம் போனீங்கன்னா கண்ணுக்கெட்டின வரைக்கும் மணல்தான், பசங்க கிரிக்கெட் ஆடுவானுங்க. 25 வயசுப் பையன் எழுதின பாட்டு இது. கண்ணதாசன் உயிரோட இருந்தாரு, வாலி உச்சத்துல இருந்தாரு, வைரமுத்து அப்பதான் உள்ள வர்றாரு, மெட்டுப் பக்கம் பாத்தா இளையராஜா அலை. இத்தனைக்கும் நடுவுல தன் பாட்டுக்குத் தனியா ஒரு இடம் பிடிச்சாருன்னா அது லேசுப்பட்ட காரியம் இல்ல.

இங்க தொழில் விஷயம் ஒண்ணு சொல்லணும். வழக்கமா சினிமாவுல எப்படி நடக்கும்னா, இசையமைப்பாளர் தனனா தானனான்னு தத்தகாரத்துல மெட்டுப் போட்டுக் குடுப்பாரு, பாட்டு எழுதறவர் அந்த அளவுக்கு வார்த்தை அடைப்பாரு, டைரக்டர் பக்கத்துல உக்காந்து சிச்சுவேஷன் சொல்லுவாரு. மூணு பேரு. மூணு பேருக்கும் நடுவுல ஏதாவது ஒண்ணு கழண்டு போகும், ஏதாவது ஒண்ணு புதுசா சேரும். ராஜேந்தருக்கு மூணும் ஒரே தலைக்குள்ள. வரியும் மெட்டும் சேர்ந்தே பிறக்குது. அதனாலதான் அவர் பாட்டுல வரி எவ்வளவு நீளமா போனாலும் மூச்சு முட்டாது, மெட்டு அதுக்காக நீண்டு குடுக்கும். 'வாசமில்லா மலரிது'வும் சரி, 'ரயில் பயணங்களில்' படத்துல ஜெயச்சந்திரன் பாடின 'வசந்த காலங்கள்' பாட்டும் சரி, எழுதி மெட்டுல ஒட்டினதுன்னு எங்கயும் தெரியாது. பேட்டி எல்லாம் பாத்திருப்பீங்க, வாயாலயே தாளம் போடுவாரு, மேசையைத் தட்டுவாரு, நீங்க சிரிப்பீங்க. அவர் வேலை செய்யற விதமே அதுதான்.

டைரக்டர்னு பேர் போட்டு வந்த முதல் படம் அதே 1980ல 'வசந்த அழைப்புகள்', அதை விட்டுடுவோம். 1981ல 'ரயில் பயணங்களில்' வந்து ஜெயிச்சுடுச்சு. ராஜீவ் அதுல சந்தேகப் புருஷனா வருவாரு, பாத்தா பத்திக்கிட்டு வரும். அதே வருஷம் துரை டைரக்ட் பண்ண 'கிளிஞ்சல்கள்' படத்துக்கு இவர் பாட்டும் இசையும் மட்டும், 'விழிகள் மேடையாம்' அதுல வந்ததுதான். பின்னாடி 1986ல 'பூக்களைப் பறிக்காதீர்கள்', 1987ல விஜயகாந்த் நடிச்ச 'கூலிக்காரன்'னு மத்தவங்க படத்துக்கும் இசை போட்டாரு. "தன் படத்துக்குத் தானே மியூசிக் போட்டுக்கறவரு"ன்னு யாராவது இளக்காரமா சொன்னா இதை எடுத்துப் போடுங்க. அடுத்தவன் படத்துக்கும் கூப்புட்டுக் காசு குடுத்திருக்காங்கல்ல.

நடிப்புக்கு வருவோம். 1983ல 'உயிருள்ளவரை உஷா'. கங்கா, நளினி ஜோடி, இவரு செயின் ஜெயபால்னு ஒரு ரவுடி. தாடி, பரட்டைத் தலை, அந்தக் குரல். இதுதான் உங்களுக்குத் தெரிஞ்ச டி.ஆர். முதல்ல வந்த இடம்னு வெச்சுக்கலாம். அதே வருஷம் 'தங்கைக்கோர் கீதம்', நாகேஷ் பையன் ஆனந்த் பாபு அறிமுகம். 1984ல 'உறவைக் காத்த கிளி', ஜீவிதா அறிமுகம். 1986ல 'மைதிலி என்னை காதலி', அமலா அறிமுகம். பிறகு 'ஒரு தாயின் சபதம்', 'என் தங்கை கல்யாணி'. பாருங்க, படத்துக்குப் படம் புதுமுகம். இதுல கணக்கும் இருக்கு. ஹீரோ சம்பளம் இல்ல, மியூசிக் டைரக்டர் சம்பளம் இல்ல, பாட்டு எழுதறவருக்கு இல்ல, வசனத்துக்கு இல்ல, தயாரிப்பும் சொந்த பேனர், பேரே தஞ்சை சினி ஆர்ட்ஸ். மிச்சம் பிடிச்சதை எங்க போட்டாருன்னா செட்டுல. பாட்டுக்குன்னு அந்த பிரம்மாண்ட செட்டுங்க, வாத்தியம் வாத்தியமா, பூப் பூவா, அங்கதான் காசு போகும். மறுபடியும் பாட்டுதான் பாத்தீங்களா.

நடிகரா அவரு என்ன செஞ்சாருன்னு பலரும் யோசிக்கறதில்ல. ஹீரோயினைத் தொட்டு நடிக்க மாட்டேன்னு ஒரு கொள்கை வெச்சிருந்தாரு, அதை விடாம காப்பாத்தினாரு. காதலன் வேஷத்தை வேற ஒரு பையனுக்குக் குடுத்துட்டு இவரு அண்ணன், காவல்காரன், தியாகின்னு நிப்பாரு. அதனால தங்கச்சி சென்டிமென்ட் அவருக்கு நல்லா பொருந்துச்சு. எங்க பக்கத்து சி சென்டர் கொட்டகைகள்ல, அதாவது சின்ன ஊரு தியேட்டருங்கள்ல, அந்தப் படங்களுக்கு வந்த கூட்டத்துல பாதிக்கு மேல பொம்பளைங்க, நடவு முடிஞ்ச கையோட வண்டி கட்டிக்கிட்டு வந்தவங்க, முந்தானையில முகத்தைத் துடைச்சுக்கிட்டேதான் வெளில வருவாங்க. விநியோகத்துல இந்தப் பக்கத்துக்கு டி.டி. ஏரியான்னு பேரு, திருச்சி தஞ்சாவூர். டி.ஆர். படம்னா டி.டி. ஏரியாவுல தைரியமா பணம் போடலாம்னு படப் பெட்டி எடுக்கற விநியோகஸ்தருங்க பேசிக்கிட்ட காலம் அது.

அடுத்து வசனம். இந்த ரைமிங் இவரு கண்டுபிடிச்சதுன்னு நீங்கள்லாம் நினைக்கறீங்க. இல்லவே இல்ல. திருக்குவளையில பிறந்து திருவாரூர்ல வளர்ந்த கலைஞர் 1952லயே 'பராசக்தி'க்கு வசனம் எழுதி ஊரையே பேச வெச்சாரு. அதுக்கு முன்னாடியே மேடையில அடுக்குமொழி ஓடிக்கிட்டுதான் இருந்துச்சு. எழுபதுகள்ல மாயவரம், கும்மோணம், திருவாரூர் எந்த ஊரு பொதுக்கூட்டத்துக்குப் போனாலும் ராத்திரி பத்து மணிக்கு மேல அடுக்குமொழில ஒருத்தர் பொளந்து கட்டிக்கிட்டிருப்பாரு, வேர்க்கடலையைக் கொறிச்சுக்கிட்டே ஜனம் கேட்டுக்கிட்டிருக்கும். ராஜேந்தர் அந்தக் கூட்டத்துல உருவான ஆளு. அதுல தாளத்தைச் சேர்த்தாரு, வேகத்தைக் கூட்டினாரு, அவ்வளவுதான். மேடைப் பேச்சு வசனமா வந்துச்சு, வசனம் கிட்டத்தட்ட பாட்டா ஆயிடுச்சு. அரசியலுக்கும் போனாரு. தி.மு.க.வுல இருந்தாரு, வெளில வந்து 1991ல தாயக மறுமலர்ச்சி கழகம்னு ஒண்ணு, திரும்பப் போய் 1996ல சென்னை பூங்கா நகர் தொகுதி எம்.எல்.ஏ., பிறகு 2004ல லட்சிய தி.மு.க. அந்தக் கதை உங்க கேள்விக்கு வேண்டாம், விடுங்க.

பாக்யராஜோட ஒப்பிட்டுப் பாத்தா இன்னும் தெளிவா புரியும். ரெண்டு பேருமே எழுதி, டைரக்ட் பண்ணி, நடிச்சவங்க, ரெண்டு பேரு உச்சமும் எண்பதுகள்தான். ஆனா பாக்யராஜ் பாரதிராஜாகிட்ட '16 வயதினிலே'யில அசிஸ்டென்டா நின்னு, அவரு டைரக்‌ஷன்லயே 'புதிய வார்ப்புகள்'ல ஹீரோவாகி, 1979ல 'சுவரில்லாத சித்திரங்கள்' டைரக்ட் பண்ண வந்தவரு. அவர்கிட்டேருந்து பாண்டியராஜன், பார்த்திபன்னு ஒரு வரிசை கிளம்புச்சு, அவங்களும் எழுதி நடிச்சு டைரக்ட் பண்ணாங்க. அந்தப் பட்டறையில கதையை டிஸ்கஷன்ல போட்டு அடி அடின்னு அடிப்பாங்க, அசிஸ்டென்ட் கூட "சார், இந்த சீன் ஒட்டல"ன்னு சொல்லலாம். ராஜேந்தருக்கு மேலயும் அப்படி ஒரு குரு வரிசை இல்ல, கீழயும் சொல்லிக்கற மாதிரி சிஷ்ய வரிசை இல்ல. தனி ஆளு. காலேஜ்லேருந்து நேரா மெட்டும் கையுமா உள்ள வந்தவரு.

தனி ஆளா இருக்கறதுல உள்ள கஷ்டம் ஷூட்டிங்லதான் தெரியும். இப்ப மானிட்டர் இருக்கு, நடிச்சு முடிச்ச கையோட ஓடி வந்து திரும்பப் போட்டுப் பாக்கலாம். எண்பதுகள்ல இங்க அதெல்லாம் ஏது. ஃபிலிம் ரோல் ஓடுது, நடிக்கறவரே டைரக்டர், ஷாட் முடிஞ்சதும் "ஓகே"ன்னு சொல்ல வேண்டியதும் அவரேதான். எப்படி வந்திருக்குன்னு கேமராமேன் முகத்தைத்தான் பாக்கணும். அந்தக் கேமராமேன் வேலையையும் தானே எடுத்துக்கிட்டா? பின்னாடி சில படங்கள்ல ஒளிப்பதிவும் அவரு பேருதான். "சார், இன்னொரு டேக் போலாமா, கொஞ்சம் ஜாஸ்தியா இருக்கு"ன்னு சொல்ல அந்த இடத்துல ஆளே இல்லாம போச்சு. நடிப்பு ஏறிக்கிட்டே போனதுக்கு இது ஒரு காரணம்னு எனக்குத் தோணுது. 1983ல இருந்த அடக்கம் 88ல இல்ல, 93ல சுத்தமா இல்ல.

இன்னொரு காரணம் பாட்டுப் பக்கம். 1992ல ஏ.ஆர்.ரஹ்மான் இசையில 'ரோஜா' வந்ததும் தமிழ்ப் பாட்டோட சத்தமே மாறுச்சு. தாளக்கட்டு, பதிவு, குரல் எல்லாம் வேற. அதுவரைக்கும் ராஜேந்தர் படத்துல கதை நொண்டினாலும் அடுத்த பாட்டு வந்து தூக்கி நிறுத்திடும். 'மைதிலி என்னை காதலி'யில 'ஒரு பொன்மானை' பாட்டைக் கேளுங்க, எஸ்.பி.பி. குரலும் அந்தத் தாளமும் ஒண்ணை ஒண்ணு துரத்திக்கிட்டு ஓடும், அந்த ஒரு பாட்டுக்காகவே ரெண்டாந்தடவை டிக்கெட் எடுத்தவங்க எங்க தெருவுலயே உண்டு. அந்த பலம் குறைஞ்சப்ப வசனத்தைக் கூட்டினாரு. பாட்டு இறங்க இறங்க பேச்சு ஏறுச்சு. 1999ல 'மோனிஷா என் மோனலிசா', மும்தாஜ் அறிமுகம், பேரு ஞாபகம் இருக்கறதே பெரிய விஷயம். 2002ல 'காதல் அழிவதில்லை'ல பையன் சிலம்பரசனை ஹீரோவாக்கினாரு. 2007ல 'வீராசாமி', உங்க மீம்ஸ்ல பாதி அங்கேருந்து வந்ததுதான். 2017ல 'கவண்'ல கே.வி.ஆனந்த் டைரக்‌ஷன்ல நடிச்சாரே, பாருங்க, அடுத்தவர் கட் சொன்னா அந்த மனுஷன்கிட்ட எவ்வளவு கலகலப்பு இருக்குன்னு தெரியும். இதை ஒரு இருபது வருஷம் முன்னாடியே யாராவது செஞ்சிருக்கலாம்னு எனக்கு ஒரு ஆதங்கம்.

பையனைப் பத்தி ஒரு வரி. சிம்பு 'மன்மதன்'ல திரைக்கதை எழுதினாரு, 2006ல 'வல்லவன்' டைரக்டே பண்ணாரு, பாட்டு எழுதறாரு, பாடறாரு. சின்னப் பிள்ளையிலேருந்து அப்பா செட்டுலயே வளர்ந்த ஆளு, எல்லா வேலையும் ஒரு கை பாக்கற பழக்கம் எங்கேருந்து வந்துச்சுன்னு கேக்கவே வேண்டாம்.

"அப்ப எல்லாத்தையும் ஒரே ஆளு செய்யறது நல்லதா கெட்டதா"ன்னு அடுத்த கேள்வி வரும், தெரியும். டி.ஆர். விஷயத்துல எழுத்து, மெட்டு, டைரக்‌ஷன் மூணும் சேர்ந்தது வரைக்கும் தங்கம். அந்த மூணு வேலைக்கும் நடுவுல வேற ஆளு இருந்திருந்தா 'ரயில் பயணங்களில்' அந்த மாதிரி வந்திருக்காது. நாலாவதா நடிப்பும் சேர்ந்ததும் கூட்டம் வந்துச்சு, காசு வந்துச்சு, ஆனா எழுதறவரு தன்னைத் தள்ளி நிறுத்திப் பாக்கற அந்த இடைவெளி போயிடுச்சு. முதல் ரெண்டு மூணு படத்துல பாத்திரங்க அடங்கிப் பேசுங்க, சும்மா கூட இருக்குங்க. அவரே ஃப்ரேமுக்குள்ள வந்த பிறகு யாரும் சும்மா இருக்கறதே இல்ல.

பாக்கற வரிசை: 'ஒரு தலை ராகம்' முதல்ல. பழைய பிரிண்ட்தான் கிடைக்கும், கலரெல்லாம் வெளுத்துப் போயிருக்கும், சகிச்சுக்கங்க, ஹெட்போன் போட்டுப் பாருங்க. நடுவுல வர்ற காலேஜ் காமெடியும் பொண்ணுங்களைக் கிண்டல் பண்ற சீனும் இன்னிக்கு உங்களுக்கு எரிச்சலா இருக்கும், நியாயம்தான், ஓட்டி விட்டுட்டு ரயில் சீன் வர்றப்ப நிறுத்துங்க. அடுத்து 'ரயில் பயணங்களில்'. மூணாவதா 'உயிருள்ளவரை உஷா', 'வைகை கரை காற்றே' பாட்டு அதுலதான், ஜேசுதாஸ். இதுக்கு மேல மூச்சு இருந்தா 'மைதிலி என்னை காதலி'. 'என் தங்கை கல்யாணி'யை அப்பா, அத்தைன்னு பெரியவங்க கூட உக்காந்து பாருங்க, தனியா பாத்தா பாதியில ஆஃப் பண்ணிடுவீங்க. 'வீராசாமி'யை ஹாஸ்டல்ல பத்துப் பேரா சேர்ந்து பாத்துக்கங்க, அதுக்கு நான் எதுவும் சொல்ல வேண்டியதில்ல.